பதினாலு கிலோ தீவு

தூத்துக்குடிக்கு வெளியே, உப்பு லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாகப் போகிற சாலையில், ஆவுடையார் காலனி என்று முப்பத்தாறு வீடுகள் உண்டு. அந்த முப்பத்தாறு வீட்டிலும் மற்ற எல்லா விஷயத்திலும் முப்பத்தாறு கருத்து இருந்தாலும், ஒரே ஒரு விஷயத்தில் ஒரே கருத்துதான்: அடுத்த வீட்டிலிருந்து குழம்பு வந்த கிண்ணமோ, பலகாரம் வந்த தூக்குவாளியோ, எதுவானாலும் அதைக் கழுவித் துடைத்து வெறுமனே திருப்பிக் கொடுக்கக் கூடாது, ஏதும் இல்லையென்றால் ஒரு கைப்பிடி சர்க்கரை, சர்க்கரையும் இல்லையென்றால் நாலு மிளகாய் வற்றல், அதுவும் இல்லையென்றால் கிண்ணத்தை அது வருகிறவரை வைத்திருந்து பிறகுதான் கொடுக்க வேண்டும். ஆகவே அந்தக் கோடையில் ஒரு பென்டிரைவ் கனக்கத் தொடங்கியபோது அது ஏன் கனக்கிறது என்று அங்கே யாரும் கேட்கவில்லை. அதை எப்படித் தூக்குவது என்பதே எல்லோருக்கும் போதுமான வேலையாக இருந்தது.

பென்டிரைவ் இசக்கிப்ரியாவுடையது. ஏழாம் வகுப்பு முடித்து எட்டாம் வகுப்புக்குப் போக இருந்தவள். அவள் அப்பா கொம்பையா, உப்பு லாரிகளை நிறுக்கிற எடை மேடையில் இருபது வருஷமாக வேலை பார்க்கிறவர். லாரி சரக்கோடு மேடையில் ஏறும், நிறுப்பார். சரக்கை இறக்கிவிட்டு வெறும் வண்டியாக வரும், மறுபடி நிறுப்பார். நிறுத்த ஒவ்வொரு முறைக்கும் ஒரு சீட்டு, ஒவ்வொரு சீட்டுக்கும் ஒரு புது எண். எழுதியதை அழித்து அதன் மேலேயே இன்னொன்றை எழுதுவது அவருக்குப் பிறர் வீட்டுச் சுவரில் கிறுக்குவதைப் போல. பள்ளிக்கூடம் மூடிய ஏப்ரலில் அவர் மகள், எடை மேடை அறையின் கணினியில், ஒரு லாரிக்கும் அடுத்த லாரிக்கும் நடுவில் கிடைத்த நேரத்தில், கட்டைகளை அடுக்கி உலகம் கட்டுகிற விளையாட்டில் ஒரு தீவு கட்டினாள். தீவில் ஒரு மலை, மலை மேல் ஒரு கலங்கரை விளக்கம், மலையடியில் ஒரு குடிசை, குடிசைக்குப் பின்னால் ஒரு குளம். அந்தக் குளம் சதுரமாக வந்துவிட்டதால் அதற்குப் பின்னால் இன்னொரு குளம். அதுவும் சதுரமாகத்தான் வந்தது. சேமிக்கும்போது அப்பாவின் வழக்கப்படி 'தீவு 1' என்று எண் போட்டாள்.

எதிர்வீட்டு ஹெப்சி அவள் வகுப்புத் தோழி. ஒரே பெஞ்சு, ஒரே சைக்கிள், ஒரே சமயத்தில் அம்மை போட்டவர்கள்.

"ஏட்டி, உன் தீவ எனக்குத் தாயேன்" என்றாள் ஹெப்சி.

"தந்தா எனக்கு?"

"கோட்டி! காப்பிதான கேக்கேன். உன்கிட்டயும் இருக்கும், என்கிட்டயும் இருக்கும்."

இசக்கிப்ரியா தீவை நகலெடுத்து, மூடி தொலைந்துபோன ஒரு சிவப்புப் பென்டிரைவில் போட்டுக் கொடுத்தாள். ஹெப்சி வீட்டுக் கணினியில் ஒரு கட்டை வைக்கக்கூட இடமில்லை; அவள் அப்பா செல்வின்துரையின் கல்யாண வீடியோ, பந்தல்கால் நட்டதிலிருந்து பந்தலைப் பிரித்தது வரை, அதை முழுக்க அடைத்துக்கொண்டிருந்தது. அதனால் அவள் பென்டிரைவைச் சொருகி, அதிலிருந்தபடியே விளையாடினாள். மூன்று நாள் விளையாடிவிட்டு, திருப்பிக் கொடுக்கக் கிளம்பியவளை அவள் அம்மா கிரேஸ்மணி அடுப்படியிலிருந்து பார்த்தாள். கையில் என்ன இருக்கிறது என்று பார்க்கவில்லை. எதிர்வீட்டுக்குப் போகிறாள், கையில் எதையோ கொண்டு போகிறாள், அது போதும்.

"மைனி வீட்டுப் பாத்திரத்த வெறுமனே கொண்டு போறியாட்டி? என்னத்தையாவது வச்சிக் குடு."

ஹெப்சி திரும்பிப் போய், குடிசைக்குப் பக்கத்தில் ஒரு கூண்டு கட்டி, பத்துக் கோழிகளை அதில் விட்டு, சேமித்து, பென்டிரைவை உருவினாள். உருவியது கையோடு தரைக்குப் போயிற்று. இரண்டு கையாலும் எடுத்து, தண்ணீர்க்குடம் போல இடுப்பில் வைத்து, ஒரு பக்கமாகச் சாய்ந்தபடி தெருவைக் கடந்தாள்.

கதவைத் திறந்த இசக்கிப்ரியாவின் அம்மா சண்முகக்கனி, கை நீட்டி வாங்கினாள், கையை மாற்றினாள், பிறகு கீழே வைத்தாள்.

"என்னட்டி இது, இந்தக் கனங் கனக்குது?"

"பத்துக் கோழி வச்சிருக்கேன் அத்தை."

"பத்தா?" சண்முகக்கனி யோசித்தாள். அவளைத் தொட்ட விஷயம் கனம் அல்ல, எண்ணிக்கை. "உங்கம்மைக்கு எப்பவுமே பெரிய கைதான்."

அன்று சாயங்காலம் கொம்பையா அதை ரேஷன் கடைக்கு எடுத்துப்போய்த் தராசில் வைத்தார். எடை மேடை பத்துக் கிலோவுக்குக் குறைந்த எதையும் கண்டுகொள்ளாது, ஆட்டுக்குட்டி ஏறி நின்றால்கூட சுழியம்தான் காட்டும். தராசு பதினாலு கிலோ என்றது. இருபது வருஷப் பழக்கத்தில் அவர் வாயில் வந்த முதல் கேள்வி, "வெறும் வண்டி எடை என்ன?" என்பதுதான். இசக்கிப்ரியா இன்னொரு பென்டிரைவில் 'தீவு 1'-ஐப் போட்டுக் கொண்டுவந்தாள். மலை, கலங்கரை விளக்கம், குடிசை, இரண்டு குளம் எல்லாம் இருந்தும் தராசு முள் அசையவில்லை.

"நீ கெட்டுனது கனக்கல. அவ வச்சிக் குடுத்ததுதான் கனக்குது" என்றார் கொம்பையா, ஒரு சீட்டில் எழுதிக்கொண்டே. "கோழி ஒண்ணுக்கு ஒண்ணே கால் கிலோவுக்கு மேல. நல்ல கோழி."

வந்த கோழிகளை இசக்கிப்ரியா எடை மேடைக் கணினியில் 'தீவு 2' என்று சேமித்தாள். எடை மேடைக் கணினி கனத்ததா என்று கேட்டால், கனத்திருக்கலாம். ஆனால் அது மேடைக்கு வெளியே, அறைக்குள் மேசை மேல் இருந்தது, மேடைக்கு வெளியே இருப்பதை அங்கே யாரும் நிறுப்பதில்லை.

இப்போது பென்டிரைவ் எதிர்வீட்டுக்குப் போக வேண்டும். "பத்துக் கோழிக்குப் பதிலு என்ன வைக்கப் போற?" என்று சண்முகக்கனி கேட்ட விதத்திலேயே விஷயம் விளையாட்டை விட்டு வெளியே வந்துவிட்டது. இரண்டு ஆடு வைக்கப்பட்டது. ஆடுகள் போன மூன்றாம் நாள் கிரேஸ்மணி ஒரு பசுவைக் கன்றோடு அனுப்பினாள். அதை ஹெப்சியும் இசக்கிப்ரியாவும் சைக்கிள் கேரியரில் கட்டித் தள்ளிக்கொண்டு வந்தார்கள், பின்சக்கரம் வெடித்தது. சண்முகக்கனி மகளின் பின்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து, "ஓலைப்பெட்டி இருக்கா இந்த ஆட்டத்துல? உளுந்து இருக்கா? சரி, அரிசியாவது இருக்கா? ஒண்ணுமே இல்லாத ஊருல என்னத்துக்கு ஆடுதிய?" என்று கேட்டு, கடைசியில் இரண்டு மூட்டைக் கோதுமை வைத்தாள்.

இதைப் பார்த்துக்கொண்டு மற்ற முப்பத்துநாலு வீடுகளும் சும்மா இருக்குமா? இருக்கவில்லை. ஆளுக்கு ஒரு காரணம் கிடைத்தது. பென்டிரைவைத் தள்ளுவண்டியில் ஏற்ற உதவிய வீடு, வழியில் நிழலுக்கு நிறுத்திய வீடு, சும்மா பார்க்க வந்த வீடு என்று எல்லோரும், வந்ததுதான் வந்தோம், வெறுமனே போகலாமா என்று ஏதாவது ஒன்றை வைத்தார்கள். இஸ்திரி போடும் பாக்கியத்தாய் ஓர் இரும்பு அண்டா வைத்தாள். வைத்துவிட்டு, "அடியில வச்சிராதீங்க பிள்ளைகளா, மாடு மிதிச்சி நசுங்கிரும்" என்று மூன்று தடவை வந்து சொல்லிவிட்டுப் போனாள். முன்னாள் ஹவில்தார் ஆபிரகாம் வீட்டம்மா ஒரு பீரோ வைத்தாள். "நம்ம வீட்டுல பீரோ கெடையாது, அங்கன பீரோவா?" என்று ஹவில்தார் கேட்டார். "நம்ம வீட்டுல வைக்க எடம் எங்க இருக்கு? அங்கனதான் தீவே கெடக்கு" என்றாள் அவள். காலனிச் சங்கம் கூடி, ஒரு வீட்டுக்கு ஐம்பது கிலோவுக்கு மேல் வைக்கக் கூடாது என்று அறிவிப்புப் பலகையில் எழுதியது. எழுதியவரே மறுநாள் ஓர் ஊஞ்சலை வைத்தார். அவர் எடை போடாமல் வைத்ததால் அது கணக்கில் வராது என்றார்.

மே மாதக் கடைசியில் பென்டிரைவ் அறுநூற்று நாற்பது கிலோ இருந்தது. உப்பு மூட்டை தள்ளுகிற இரும்பு வண்டியில் வைத்து, நாலு பேர் தள்ளி, ஹெப்சி வீட்டு முற்றத்தில் துவைக்கிற கல்லின் மேல் இறக்கினார்கள். இனிமேல் பென்டிரைவைக் கணினியில் சொருக முடியாது என்பதால், கணினியைத் தூக்கிவந்து ஸ்டூலில் வைத்துப் பென்டிரைவில் சொருகினார்கள். இரண்டும் ஒன்றுதானே என்றார்கள் எல்லோரும். இரண்டும் ஒன்றுதான்.

பென்டிரைவ் அந்தக் கல்லில் இருந்தபோதுதான் செல்வின்துரைக்கு ஓசூருக்கு மாற்றல் வந்தது. ஜூன் முதல் தேதி அவர் அங்கே வேலையில் சேர வேண்டும். பத்தாம் தேதி சாமான் லாரி வரும், மறுநாள் வீட்டார் கிளம்ப வேண்டும். செய்தியைக் கேட்ட ஹெப்சி, இசக்கிப்ரியாவின் பக்கத்தில் வந்து ஸ்டூலுக்கு முன்னால் உட்கார்ந்தாள். இருவரும் திரையில் கோழிகள் மேய்வதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வீட்டுக்குள் கிரேஸ்மணி சண்முகக்கனியிடம் சொல்லிக்கொண்டிருந்தது கேட்டது.

"எல்லாத்தையும் கெட்டி வச்சிருவேன் மைனி. உங்க பாத்திரந்தான் எங்கிட்ட நிக்கி. அத முதல்ல கொண்டாந்து குடுத்துட்டுத்தான் மறுவேலை. அடுத்த வீட்டுப் பாத்திரத்தத் தூக்கிட்டு ஊரவிட்டுப் போனான்னு எனக்கு ஒரு பேரு வரவா?"

இரண்டு தலைகளும் ஒரே சமயத்தில் திரும்பின. ஒரே பெஞ்சில் ஏழு வருஷம் உட்கார்ந்த தலைகள், அதனால் ஒன்றும் பேச வேண்டியிருக்கவில்லை.

"குடுக்க முடியலேன்னா?" என்றாள் இசக்கிப்ரியா.

"போக முடியாது" என்றாள் ஹெப்சி.

தீவில் மலைக்கு அடியில் ஒரு குகை தோண்டினார்கள். அதில் இசக்கிப்ரியா இரண்டு கருங்கல் கட்டை வைத்தாள், ஹெப்சிக்காக. ஹெப்சி இரண்டு கருங்கல் கட்டை வைத்தாள், இசக்கிப்ரியாவுக்காக. குகை வாயைப் புல்லால் மூடினார்கள். சேமித்தபோது துவைக்கிற கல் ஒரு முழம் தரைக்குள் இறங்கியது. முற்றத்து மாமரத்தில் இருந்த அத்தனை காகமும் எழும்பி, ஒரு சுற்றுச் சுற்றி, மறுபடி உட்கார்ந்தன.

முதல் தேதிக்கு முந்தின நாள் செல்வின்துரை தனியாக ஓசூருக்குப் போனார். பத்தாம் தேதி லாரி வந்தது. கட்டில், பானை, தையல் மிஷின் எல்லாம் ஏறின, பென்டிரைவ் அசையவில்லை. நாலு பேர் தள்ளினார்கள், எட்டுப் பேர் தள்ளினார்கள், பிறகு யார் தள்ளுகிறார்கள் யார் யோசனை சொல்கிறார்கள் என்று தெரியாத அளவுக்குப் பேர் தள்ளினார்கள். கிரேஸ்மணி முந்தானையை இடுப்பில் செருகி, "எறக்குங்க சாமானை" என்றாள். லாரி வெறுமனே போயிற்று. பதிமூன்றாம் தேதி மறுபடி வந்தது, மறுபடி ஏற்றினார்கள், மறுபடி இறக்கினார்கள். லாரி டிரைவர், "அக்கா, அதை இங்கேயே விட்டுட்டுப் போயிரலாம்லா, சின்னச் சாமான்தான" என்றார். கிரேஸ்மணி அவரைப் பார்த்த பார்வையில் அவர் போய் லாரிக்குள் உட்கார்ந்துகொண்டு கண்ணாடியையும் ஏற்றிவிட்டார்.

"நான் வேண்டாம்னு சொல்லுதேனே மைனி, நீங்க போங்க" என்றாள் சண்முகக்கனி.

"நீங்க சொல்லுவிய. நாளைக்கு ஊர் சொல்லுமா?"

ஊர் அங்கேதான் நின்றுகொண்டிருந்தது. சொல்லாது என்று அதுவும் உறுதி தரவில்லை.

பதினைந்தாம் தேதி கொம்பையா, தெரிந்தவர் ஒருவரிடம் சொல்லி ஒரு கிரேனை வரவழைத்தார். கிரேன் கொக்கியில் வலை மாட்டி, வலைக்குள் கட்டைவிரல் நீளச் சிவப்புப் பென்டிரைவை வைத்து இழுத்தது. பென்டிரைவ் ஓர் அங்குலம் எழும்பியது, கிரேனின் பின்சக்கரங்கள் இரண்டு அங்குலம் எழும்பின, காலனி மொத்தமும் "விடு விடு விடு" என்று கத்தியது. டிரைவர் அதை இறக்கிவைத்து, நெற்றியைத் துடைத்து, கிரேனின் எடைகாட்டியில் இருந்ததைப் படித்தார்: பதினோராயிரத்து நானூற்று நாற்பது.

கொம்பையா சட்டைப் பையிலிருந்து ஒரு சீட்டை எடுத்து எழுதினார். அறுநூற்று நாற்பதைக் கழித்தார். பத்தாயிரத்து எண்ணூறு வந்தது. அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். உப்பு லாரிகளுக்கு நடுவே கல் லாரிகளும் அவர் மேடையில் ஏறியிருக்கின்றன. கருங்கல் ஒரு மீட்டர் நீளம், ஒரு மீட்டர் அகலம், ஒரு மீட்டர் உயரம் இருந்தால் இரண்டாயிரத்து எழுநூறு கிலோ; மகளின் ஆட்டத்தில் ஒரு கட்டையும் அதே அளவுதான். வகுத்தார். மீதி இல்லாமல் வந்தது. கூட்டத்துக்கு நடுவில் மகளைத் தேடிக் கண்டுபிடித்து, பக்கத்தில் போய், குனிந்து, அவளுக்கு மட்டும் கேட்கும்படி கேட்டார்.

"நாலா?"

இசக்கிப்ரியா கால் கட்டைவிரலைப் பார்த்தாள்.

"ம்" என்றாள்.

கொம்பையா சீட்டை நாலாக மடித்துப் பையில் போட்டுக்கொண்டு எடை மேடைக்குப் போய்விட்டார். அங்கே லாரிகள் நின்றுகொண்டிருந்தன.

அதன் பிறகு நாலு நாள் இசக்கிப்ரியாவுக்கு நல்ல நாள்களாகவே இருந்திருக்க வேண்டும். பள்ளிக்கூடம் திறந்துவிட்டது, ஹெப்சியின் மாற்றுச் சான்றிதழை வாங்கியாகிவிட்டது, அதனால் அவள் எந்தப் பள்ளிக்கூடத்திலும் இல்லை, பகல் முழுக்க முற்றத்திலேயே இருந்தாள், இசக்கிப்ரியா பள்ளி விட்டதும் நேரே அங்கே ஓடினாள். நினைத்தது நடந்துவிட்டது. ஆனால் ஹெப்சி விளையாடவில்லை. ஸ்டூலுக்குக் கீழே உட்கார்ந்து, கணினியின் ஒயரைச் சுற்றுவதும் பிரிப்பதுமாக இருந்தாள். ஐந்து மணிக்கு செல்வின்துரை போன் செய்வார். கிரேஸ்மணி கையில் மாவு இருக்கும் என்பதால் ஸ்பீக்கரில் போடுவாள், முற்றம் முழுக்கக் கேட்கும்.

"நல்லா இருக்கேன். நீங்க எல்லாரும் சும்மா இருக்கியளா? நான் நல்லா இருக்கேன்."

"என்ன சாப்பிட்டிய?"

"சோறு பொங்குனேன். பழக்கத்துல நம்ம மூணு பேருக்கு வச்சிட்டேன். ரெண்டு நாளா அதத்தான் சாப்பிடுதேன். நல்லாத்தான் இருக்கு. தேங்காய் துருவி ஒண்ணு வாங்குனேன்."

"தேங்காய்?"

"அத இன்னும் வாங்கல. இங்க குளிருது. ஆனா நல்லா இருக்கேன்."

போன் வைத்தபிறகு ஹெப்சி ஒயரைச் சுற்றிக்கொண்டே சொன்னாள்: "மூணு தடவ நல்லா இருக்கேன்னு சொன்னாவ எங்கப்பா."

"ஆமா."

"ஒரு தடவ சொன்னா நல்லா இருக்காவன்னு அர்த்தம்."

இசக்கிப்ரியா ஒயரின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டாள்.

"நான் வச்ச ரெண்ட இன்னைக்குக் காலைலயே எடுத்துட்டேன்" என்றாள் ஹெப்சி. "நீ வச்சது நீ எனக்குத் தந்தது. நான் எப்படி எடுத்து வெளிய போடுவேன்?"

அதைக் கேட்டதும் இசக்கிப்ரியாவுக்கு ஹெப்சியின் மேல் அவ்வளவு கோபம் வந்தது. எழுந்து வீட்டுக்குப் போனாள், வாசல்வரை போய்த் திரும்பி வந்தாள், மறுபடி போனாள். பாக்கியத்தாய் இஸ்திரிப் பெட்டியைத் தூக்கிப் பிடித்தபடி, "என்னட்டி, தேரா இழுக்குத?" என்று கேட்டாள். நாலாவது முறை வந்தபோது இசக்கிப்ரியா ஸ்டூலுக்கு முன்னால் உட்கார்ந்து, புல்லை விலக்கி, குகைக்குள் போய், தன் இரண்டு கருங்கல்லையும் உடைத்துக் கடலில் போட்டாள். துவைக்கிற கல் பெருமூச்சு விட்டதுபோல மேலே வந்தது; முற்றத்தில் நின்ற வாளி உருண்டு போனது.

சத்தம் கேட்டு வந்த இரண்டு அம்மாக்களிடமும் இருவரும் உண்மையைச் சொன்னார்கள். சண்முகக்கனி கையை ஓங்கினாள். எந்தத் தலையில் முதலில் போடுவது என்று அவள் யோசித்த நேரத்தில் கிரேஸ்மணி வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கத் தொடங்கிவிட்டாள்.

"பாத்தியளா மைனி, கல்ல வச்சிக் குடுத்துருக்காளுவ! பாத்திரத்துல கல்லு!"

"ஒங்க மவளும் ரெண்டு வச்சிருக்கா."

"ஆமா, சமமா வச்சிருக்காளுவ. அதுல ஒரு குறையும் சொல்ல முடியாது."

சிரித்து முடித்ததும் அவளுக்கு ஞாபகம் வந்தது: பாத்திரத்தை இப்போது கொடுக்கலாம், ஆனால் வெறுமனே கொடுக்க முடியாது. மகளை எழுப்பிவிட்டு, தானே ஸ்டூலுக்கு எதிரில் உட்கார்ந்தாள். வாழ்க்கையில் முதல் தடவையாக அந்தப் பொத்தான்களைத் தொட்டவள், இரண்டு தடவை குளத்தில் விழுந்து, ஒரு தடவை பசுவை அடித்து, "ஐயோ பாவம்" என்று அதனிடம் மன்னிப்புக் கேட்டு, கடைசியில் குடிசைக்குள் போய்ச் சேர்ந்தாள். அங்கே ஒரு கட்டிலைப் போட்டாள்.

"கட்டிலா அத்தை?" என்றாள் இசக்கிப்ரியா.

"நாங்க வந்தா எங்க படுக்க?"

சாயங்காலம் பென்டிரைவை வண்டியில் வைத்து, காலனி மொத்தமும் கூட நடக்க, எதிர்வீட்டுக்குப் போவதற்கு முன் எடை மேடையைச் சுற்றிக்கொண்டு போனார்கள். வெறும் வண்டி எடையைக் கழித்தபின் மேடை அறுநூற்று எழுபது என்றது. "கட்டில் முப்பதுக்குள்ளதான் இருக்கும், மேடை பத்துப் பத்தாத்தான் சொல்லும்" என்று கொம்பையா விளக்கம் சொல்லிச் சீட்டுக் கிழித்துக் கொடுத்தார். சண்முகக்கனி வாசலில் இரண்டு கையாலும் சீட்டை வாங்கிக்கொண்டாள். பாத்திரம் வந்து சேர்ந்தது.

மறுநாள் காலை லாரி சாமானோடு போயிற்று. மாலை ஐந்து மணி பஸ்ஸில் கிரேஸ்மணியும் ஹெப்சியும் கிளம்பினார்கள். பாதிக் காலனி பஸ் நிலையத்துக்கு வந்திருந்தது. ஹெப்சி ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். கீழே இசக்கிப்ரியா பள்ளிக்கூடப் பையை முதுகில் மாட்டி, மூட்டை தூக்குகிறவர் போல முன்னால் வளைந்து நின்றாள்.

"என்னட்டி, ஞாயித்துக்கெழமைல பை?" என்றாள் ஹெப்சி. அழுது முடித்த மூக்கு.

"சும்மா."

டிரைவர் வண்டியைக் கிளப்பினார். கண்டக்டர் இரண்டு தடவை விசில் ஊதினார். அப்போதுதான் இசக்கிப்ரியா பையைக் கழற்றி அதிலிருந்து ஒரு நீலப் பென்டிரைவை எடுத்தாள். இரண்டு கையாலும் தலைக்கு மேல் உயர்த்தினாள். ஜன்னல் எட்டவில்லை. பின்னாலிருந்து கொம்பையாவின் கை ஒன்று வந்து, ஒன்றும் கேட்காமல், அடியில் தாங்கி மேலே கொடுத்தது. பென்டிரைவ் ஜன்னல் வழியாக ஹெப்சியின் மடியில் விழுந்தது. ஹெப்சி "அம்மா" என்று கத்தினாள். பிறகு மடியைத் தடவிப் பார்த்தாள். பிறகு அவள் முகம் மாறியது. அந்தக் கனத்தை அவள் இடுப்பு மறந்திருக்கவில்லை.

"தீவு ரெண்டு!" என்று கத்தினாள்.

"கோழி பத்தும் இருக்கு!" என்று கத்தினாள் இசக்கிப்ரியா, நகரத் தொடங்கிய பஸ்ஸின் கூடவே ஓடிக்கொண்டு.

கிரேஸ்மணி மகளின் மடியைப் பார்த்தாள், பென்டிரைவைப் பார்த்தாள், புரிந்துகொண்டாள். பாதி உடம்பை ஜன்னலுக்கு வெளியே நீட்டினாள்.

"ஏட்டி! ஏட்டி இசக்கி! இது உங்க வீட்டுப் பாத்திரம்லா! வண்டிய நிறுத்துங்க! அடுத்த வீட்டுப் பாத்திரம்!"

"ஆமா அத்தை!" இசக்கிப்ரியா மூச்சு வாங்கச் சிரித்தாள். "வந்து குடுங்க!"

பஸ் திருப்பத்தில் திரும்பியது. கிரேஸ்மணியின் குரல் கோவில்பட்டி வரை கேட்டது என்று பிறகு சொன்னார்கள்.

இப்போது பழைய சிவப்புப் பென்டிரைவ் இசக்கிப்ரியாவின் வீட்டு முற்றத்தில் இருக்கிறது. பாக்கியத்தாய் மழைக்காலத்தில் அதில்தான் தார்ப்பாயின் கயிற்றைக் கட்டுகிறாள். தன் அண்டா நசுங்கவில்லையே என்று வாரம் ஒரு தடவை கேட்கிறாள். ஓசூரிலிருந்து கிரேஸ்மணி ஞாயிறுதோறும் போன் செய்து, பாத்திரத்தைப் பார்சலில் அனுப்பிவிடவா என்று கேட்கிறாள். பார்சலில் பாத்திரம் அனுப்புகிற வழக்கம் நம்மிடம் எப்போது வந்தது மைனி என்று சண்முகக்கனி திருப்பிக் கேட்கிறாள். கிரேஸ்மணி அரைப்பரீட்சை லீவுக்கு வருவதாக டிக்கெட் போட்டுவிட்டாள்.

போன வாரம் ஹெப்சி பேசினாள். கோழிகள் அவளுக்காக அடை உட்கார்ந்து எல்லா முட்டையும் பொரித்துவிட்டனவாம். குஞ்சுகளும் பெரிதாகி அவையும் முட்டையிடுகின்றனவாம். மேசை ஒரு பக்கம் சாய்ந்துவிட்டதாம். அவள் அப்பா இப்போது நல்லா இருக்கேன் என்று ஒரு தடவைதான் சொல்கிறாராம். எத்தனை கிலோ இருக்கும் என்று இசக்கிப்ரியா கேட்டாள். தெரியவில்லை, நேற்று நானும் அப்பாவும் சேர்ந்து தூக்கினோம், முடியவில்லை என்றாள் ஹெப்சி.

இசக்கிப்ரியா போனைக் கையால் பொத்திக்கொண்டு, திரும்பி அப்பாவைப் பார்த்தாள். கொம்பையா சீட்டுப் புத்தகத்தைப் புரட்டி, அவர்கள் வருகிற டிசம்பர் இருபத்துநாலாம் தேதிக்கு நேராக, எண் போட்டு, ஒரு வண்டிக்கு இடம் விட்டுவைத்தார்.